இருளர் சங்கத்தின் அனுமதிக் கோப்பு நகர வேண்டும்

மதுராந்தகம் பக்கம் ராத்திரி மடை திருப்பப் போன எங்கள் சித்தப்பாவைக் கண்ணாடி விரியன் கடித்துவிட்டது. அரசு மருத்துவமனையில் பத்து குப்பி விஷமுறிவு மருந்து ஏற்றினார்கள். மூன்றாம் நாள் எழுந்து உட்கார்ந்தார். இன்றைக்கும் அதே வயலுக்குத்தான் போகிறார். அந்தக் குப்பி எங்கிருந்து வந்தது என்று அப்போது எங்களில் யாரும் யோசிக்கவில்லை.

மாமல்லபுரம் போகிற வழியில் வடநெம்மேலி முதலைப் பண்ணைக்குள் இருளர் பாம்பு பிடிப்போர் தொழிற் கூட்டுறவுச் சங்கம் இருக்கிறது. நம் நாட்டில் முறிவு மருந்து தயாரிக்கத் தேவைப்படும் விஷத்தில் பெரும்பகுதி அங்கிருந்துதான் போகிறது. பாம்புத் தோல் வியாபாரத்தில் பிழைத்தவர்கள் இருளர்கள். 1972 வனவிலங்குச் சட்டமும் 1976இல் வந்த தோல் ஏற்றுமதித் தடையும் அந்தப் பிழைப்பை நிறுத்தின. பாம்பு ஆய்வாளர் ரோமுலஸ் விட்டேக்கரின் முயற்சியில் 1978இல் சங்கம் தொடங்கியது. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் என்று நான்கு வகையைப் பிடித்து வந்து, மண்பானையில் வைத்து, சுமார் மூன்று வாரத்தில் நான்கு முறை விஷம் எடுக்கிறார்கள். அப்புறம் அடிவயிற்றுச் செதிலில் அடையாளம் வைத்துக் காட்டில் விட்டுவிடுகிறார்கள். அதே பாம்பை உடனே மறுபடி பிடித்துவிடக் கூடாது என்பதற்குத்தான் அந்த அடையாளம்.

இதற்கெல்லாம் அரசின் அனுமதி வேண்டும். உயிர்காக்கும் மருந்துக்காக விஷம் எடுக்க அனுமதி தரலாம் என்று அதே 1972 வனவிலங்குச் சட்டத்தின் 12ஆம் பிரிவே சொல்கிறது. எந்த வகையில் எத்தனை பாம்பு, எவ்வளவு காலம் என்று ஆணையில் எழுதித் தருவார்கள். சங்கம் இருப்பது தொழில் துறையின் கீழே, அனுமதி வர வேண்டியது வனத்துறையிலிருந்து. அங்கேதான் கோப்பு நகராமல் நிற்கிறது. ஒரு ஆணை முடிந்து அடுத்தது வராத இடைவெளியில் பாம்பைக் கண்ணால் பார்த்தாலும் தொடக் கூடாது, தொட்டால் குற்றம். பிடித்துக் கொடுக்கும் பாம்புக்கு இவ்வளவு என்றுதான் உறுப்பினருக்குப் பணம். பாம்பு இல்லையென்றால் பணம் இல்லை. எங்கள் ஊர்ப் பக்கம் ஒரு இருளர் அண்ணன் இப்படியான மாதங்களில் கூலி வேலைக்குப் போவார். தடம் பார்த்தே எந்தப் பாம்பு, எந்தப் பக்கம் போனது என்று சொல்லக்கூடியவர் அவர்.

பாதிப்பு அந்த வீடுகளோடு நிற்பதில்லை. விஷத்தைக் குதிரைக்குச் சிறிது சிறிதாக, மாதக்கணக்கில் ஏற்றித்தான் முறிவு மருந்துக்கான ரத்தம் எடுக்கிறார்கள். இன்றைக்கு விஷம் வராவிட்டால் அதன் விளைவு பல மாதம் கழித்து ஏதோ ஒரு ஆரம்ப சுகாதார நிலையத்தில் தெரியும். 2000 முதல் 2019 வரை இந்தியாவில் சுமார் 12 லட்சம் பேர் பாம்புக்கடியில் இறந்திருக்கிறார்கள் என்று 2020இல் வந்த ஆய்வு கணக்கிட்டது. ஆண்டுக்குச் சராசரி 58,000. அவர்களில் பெரும்பாலோர் கிராமத்து ஜனங்கள்.

வனத்துறை யோசிக்காமல் கையெழுத்துப் போட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. பாம்பும் காப்பாற்றப்பட வேண்டிய உயிர்தான். எண்ணிக்கைக்கு வரம்பு இருக்கட்டும், விடுவிப்பதை நேரில் வந்து சரிபார்க்கட்டும். எண்ணிக்கை அதிகம் என்றால் குறைக்கட்டும். தர முடியாது என்றால் காரணத்தை எழுத்தில் தரட்டும், சங்கம் மேல்முறையீடு செய்யும். ஆனால் சரி என்றும் சொல்லாமல் இல்லை என்றும் சொல்லாமல் கோப்பை வைத்திருப்பதால் எந்தப் பாம்பு காப்பாற்றப்படுகிறது?

2023இல் பாம்பு பிடிக்கும் இருளர்களான வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். எனக்கு அவ்வளவு பெருமையாக இருந்தது. 2024 நவம்பரில் தமிழக அரசு பாம்புக்கடியை, அரசுக்குக் கட்டாயம் தெரிவிக்க வேண்டிய பாதிப்பாக அறிவித்தது. அதுவும் நல்ல காரியம். இவ்வளவு செய்கிற அரசு, பழைய அனுமதி முடிவதற்குள் புது மனுவில் முடிவு எடுத்தாக வேண்டும் என்று ஒரு விதியையும் போடலாம். முடிவு வரும் வரை பழைய அளவிலேயே தொடரட்டும் என்றும் சேர்த்து எழுதலாம். ஆண்டுதோறும் மனு போட வைக்காமல், மூன்று ஆண்டுக்கு அனுமதி தந்துவிட்டு எண்ணிக்கையை மட்டும் வருடா வருடம் பார்க்கலாம். வந்த பாம்பு, விட்ட பாம்பு எல்லாவற்றுக்கும் பதிவேடு வடநெம்மேலியிலேயே இருக்கிறது. சென்னையிலிருந்து ஒரு அதிகாரி காலையில் கிளம்பினால் மதியத்துக்குள் அதைப் படித்து முடித்துவிடலாம்.