பங்காளிச் சண்டைக்கு ஒரு கூண்டு

(கிரில் பட்டறை. கரண்ட் இல்லாத மத்தியானம். முத்தையா மாமா பாதி வெல்டிங் ஆன கேட்டின் மேல் உட்கார்ந்து டீ குடிக்கிறார். அக்கா மகன் கார்த்தி போனில் மூழ்கியிருக்கிறான்.)

மாமா: என்ன மாப்ள, கரண்ட் போனதும் நீ போனுக்குள்ள போயிட்ட?

கார்த்தி: வார்கேம்ஸ் மாமா, மல்யுத்தத்துல ஒரு வகை மேட்ச். 2024 நவம்பர் 30, வான்கூவர்ல நடந்த சர்வைவர் சீரிஸ்ங்கிற ஷோ. அஞ்சு பேருக்கு அஞ்சு பேரு, கூண்டுச் சண்டை.

மாமா: டபிள்யூ டபிள்யூ எஃப்பா? அண்டர்டேக்கர் எங்க?

கார்த்தி: அவரு 2020லயே ரிட்டயர்டு.

மாமா: சவப்பெட்டியில போட்டு மூடினப்பெல்லாம் எந்திரிச்சு வந்த மனுசன், கடைசியில ரிட்டயராயிட்டானா! சரி, குடு இங்க. அடேங்கப்பா, இவ்ளோ பெரிய கூண்டா? அளவு என்னடா?

கார்த்தி: ரெண்டு ரிங்கை ஒட்டிப் போட்டு, ரெண்டையும் சேத்து ஒரே கூண்டு மாமா. ஒரு ரிங்கு இருபதுக்கு இருபது அடி.

மாமா: அப்ப நாப்பதுக்கு இருபது. சுத்திவர நூத்தி இருபது ரன்னிங் அடி. நடுச் சந்து தனி. அட்வான்ஸ் வாங்காம இந்த வேலையைத் தொடவே கூடாது.

கார்த்தி: சண்டையைப் பாருங்க மாமா.

மாமா: இரு, வலையைப் பாக்குறேன். நான் பாத்த காலத்துல கூண்டுன்னா நீலக் கலர் கம்பி. கட்டம் கட்டமா, ஜெயில் மாதிரி.

கார்த்தி: 1986 ரெஸில்மேனியா 2ல ஹோகனும் கிங் காங் பண்டியும் மோதினது அதுலதான். இப்ப எல்லாம் செயின் லிங்க் வலை.

மாமா: நல்லவேளை. அந்தக் கம்பி அசையாது. ஆளைத் தூக்கி அதுல அடிச்சா மொத்த அடியும் முதுகுக்குத்தான். செயின் லிங்க்ல வெல்டே கிடையாது, ஒண்ணுக்குள்ள ஒண்ணு கோத்தது. ஒரு இடத்துல மோதினா வலை முழுக்க வாங்கிக்கிட்டு திரும்பத் தள்ளிவிடும். சத்தமும் ஊரைக் கூட்டும்.

கார்த்தி: டிவிக்கு அந்தச் சத்தம்தான் மாமா வேணும்.

மாமா: இதுலயே வெல்டு மெஷ் போட்டிருந்தான்னு வையி, நாலு இடியில வெல்டு விட்டுப்போயி கம்பி முனை வெளிய நீட்டிக்கும். முதுகு சல்லடை. அதுக்காக இதுலயும் கண்ணை மூடிக்கிட்டு விழ முடியாது. வலையில விழுந்தா தப்பிச்சான், மூலையில நிக்கிற பைப்புல தலை பட்டா போச்சு. ஆமா, இந்த ரெண்டு பேரு மட்டும் அடிச்சுக்கிறானுக, மிச்ச எட்டு பேரு எங்க?

கார்த்தி: வெளிய குட்டிக் கூண்டுல நிக்கிறாங்க.

மாமா: கூண்டுக்குப் போறதுக்கு வெயிட்டிங் லிஸ்ட், அதுக்கும் ஒரு கூண்டா!

கார்த்தி: மொதல்ல ரெண்டு பேரு, அஞ்சு நிமிஷம். அப்புறம் ஒரு டீம்ல இருந்து ஒருத்தன் உள்ள போவான். மூணு நிமிஷம் கழிச்சு அடுத்த டீம்ல ஒருத்தன். இப்படி மாத்தி மாத்தி. பத்துப் பேரும் உள்ள வந்தப்புறம்தான் வெற்றி தோல்வியே கணக்கு. அதுவரைக்கும் ஒருத்தன் தோளைத் தரையில அமுக்கினாலும் ரெஃப்ரி மூணு எண்ண மாட்டாரு.

மாமா: அதாவது, அஞ்சு போக, மூணாவது ஆள் வந்தப்புறம் இன்னும் ஏழு பேரு. ஏழு மூணு இருபத்தொண்ணு. இருபத்தாறு நிமிஷம் எவன் அடி வாங்கினாலும் பிரயோஜனம் இல்ல?

கார்த்தி: ஆமா.

மாமா: அப்ப மொதல்ல போறவன் பாவப்பட்ட ஜென்மம். சரி, மூணாவது ஆளை எந்த டீம் அனுப்பும்?

கார்த்தி: அங்கதான் விஷயமே. அந்தக் காலத்துல காசு சுண்டிப் போடுவாங்க. இப்ப முன்னாடி வாரம் ஒரு மேட்ச் வச்சு, ஜெயிக்கிறவனுக்கு அந்தச் சலுகை.

மாமா: இதுல என்ன பெரிய சலுகை? எப்படியும் எல்லாரும் வரத்தானே போறாங்க?

கார்த்தி: எண்ணிப் பாருங்க. சலுகை டீம் ஆளு வந்ததும் ரெண்டுக்கு ஒண்ணு. எதிராளி வந்ததும் ரெண்டுக்கு ரெண்டு. அப்புறம் மூணுக்கு ரெண்டு, மூணுக்கு மூணு. நாலுக்கு மூணு, நாலுக்கு நாலு. அஞ்சுக்கு நாலு.

மாமா: இரு இரு... அப்ப இன்னொரு டீமு ஒரு தடவை கூட அதிக ஆளோட நிக்கவே நிக்காதா?

கார்த்தி: நிக்காது. சலுகை டீமுக்கு மட்டும் நாலு தடவை, மொத்தம் பன்னெண்டு நிமிஷம், ஒரு ஆள் கூடுதல்.

மாமா: அடப் பாவி! அப்ப காசு எப்பவும் வில்லன் பக்கம்தான் விழுந்திருக்கும்.

கார்த்தி: எப்படி மாமா கண்டுபிடிச்சீங்க? அந்தக் காலத்துல கிட்டத்தட்ட எல்லாத் தடவையும் அப்படித்தான்.

மாமா: இதுக்கு மூளை வேணுமா? நல்லவன் தனியா ரெண்டு பேருகிட்ட மாட்டி முழிப்பான், சனம் "விடுடா அடுத்தவனை"ன்னு கத்தும், கதவு திறக்கும், கூட்டாளி ஓடி வருவான், விசில் பறக்கும். அதையே நாலு தடவை செய்யலாம். நல்லவன் பக்கம் காசு விழுந்தா, வில்லனைக் காப்பாத்த வில்லன் வருவான். அதுக்கு எவன் கைதட்டுவான்?

கார்த்தி: ஆனா 2022ல பாஸ்டன்ல நல்லவங்க டீமுக்குத்தான் சலுகை. அதனால எதிர் டீம்ல ரோமன் ரெய்ன்ஸ் கடைசி ஆளா, பத்தாவதா உள்ள வந்தாரு.

மாமா: பெரிய ஆளை முகூர்த்தத்துக்கு மட்டும் கூப்பிட்டிருக்கான். அதுவும் சரிதான். இதை யாருடா யோசிச்சது?

கார்த்தி: டஸ்டி ரோட்ஸ்னு ஒரு மல்யுத்த வீரர். 1987 ஜூலை 4, அட்லாண்டா ஆம்னி அரங்கத்துல மொத வார்கேம்ஸ். அப்ப மூணு நிமிஷம் இல்ல, ரெண்டு நிமிஷம். டஸ்டி, நிகிடா கோலாஃப், ரோட் வாரியர்ஸ் ரெண்டு பேரு, அவங்க மேனேஜர் பால் எல்லரிங் ஒரு பக்கம். இந்தப் பக்கம் ரிக் ஃபிளேர், ஆர்ன் ஆண்டர்சன், டல்லி பிளான்சர்ட், லெக்ஸ் லூகர், அவங்க மேனேஜர் ஜே.ஜே. டில்லன்.

மாமா: கணக்குப் பாக்குற மேனேஜரை எதுக்குடா கூண்டுக்குள்ள அனுப்பினானுக?

கார்த்தி: அப்ப அமுக்கி மூணு எண்ணுற ரூல் கிடையாது. எவனாவது ஒருத்தன் வாயால "விட்டுடு"ன்னு ஒத்துக்கணும். ஃபிளேரு சொன்னா சாம்பியன் மானம் போகும். ஆண்டர்சன் சொன்னா அடுத்த மாசம் டிக்கெட் விக்காது.

மாமா: புரிஞ்சுது. தோக்குறதுக்குன்னே ஒரு ஆள்.

கார்த்தி: ஆனா டில்லனுக்கு அது நடிப்போட நிக்கல. ரோட் வாரியர்ஸ்ல அனிமல் அவரைத் தோள் மேல உக்கார வைக்க, ஹாக் மேல் கயித்துல இருந்து பாஞ்சு கையால கழுத்துல அடிச்சான். டில்லன் விழுந்த விழுகையில தோள்பட்டை நெசமாவே விலகிடுச்சு. அந்த மாசக் கடைசியில மயாமில அடுத்த வார்கேம்ஸ். அவருக்குப் பதிலா முகமூடி போட்ட வார் மெஷின்னு ஒருத்தனை இறக்கினாங்க.

மாமா: ஆமா, இந்தக் கூண்டுக்கு மேல திறந்து கிடக்கே. எவனும் ஏறி ஓடிட மாட்டானா?

கார்த்தி: ஓடினா அந்த டீமே தோத்துச்சு, அதான் இப்ப ரூல். பழைய கூண்டுக்குக் கூரை இருந்துச்சு. 1991ல ஃபீனிக்ஸ்ல அதனாலயே ஒரு பெரிய விபத்து. சிட் விஷியஸ், ஆறடி ஒம்பது அங்குலம். பிரையன் பில்மேனைத் தலைக்கு மேல தூக்கி முதுகு படப் போடணும். தூக்கும்போது பில்மேன் கால் கூரையில இடிச்சு, சுத்து முழுசா வரல. முதுகுல விழ வேண்டியவன் கழுத்துல இறங்கினான்.

மாமா: ஐயோ. கூரைக்கு ஹைட் விடும்போது நிக்கிற ஆளை மட்டும் அளந்தா போதுமா? அவன் தூக்குற ஆளையும் சேத்து அளக்கணும்டா. தச்சன் கட்டில் செஞ்சு வாசல்ல நுழையாத கதை.

கார்த்தி: பில்மேன் சார்பா எல் ஜிகாண்டேன்னு கூட்டாளி வந்து "போதும், விட்டுடுங்க"ன்னு ஒத்துக்கிட்டாரு. அதோட மேட்ச் முடிஞ்சுது.

மாமா: அவனாவது மனுசன்.

கார்த்தி: அடுத்த வருஷம் நடந்ததுதான் மாமா கிளாசிக். 1992 மே, ஜாக்ஸன்வில். மேனேஜர் பால் ஹேமனோட டீம்ல ஸ்டீவ் ஆஸ்டின் இருந்தாரு.

மாமா: ஸ்டோன் கோல்டா? மொட்டைத் தலை, பீர் கேன்?

கார்த்தி: அப்ப நீளமா தங்கக் கலர் முடி.

மாமா: போடா! முடியோட ஆஸ்டினா? நம்ப மாட்டேன்.

கார்த்தி: எதிர்ல ஸ்டிங் டீம். கடைசியில ஹேமன் டீம் லாரி ஸபிஸ்கோ மேல் கயித்தைப் பிடிக்கிற டர்ன்பக்கிளைக் கழட்டி, அந்த இரும்பை எடுத்து...

மாமா: நில்லு. டர்ன்பக்கிளையா? டேய், கயித்தை இழுத்துப் பிடிக்கிறதே அதுதான். ரெண்டு முனையிலயும் எதிர் எதிர் மரை, நடுவுல இருக்கிறதைத் திருகத் திருக ரெண்டு பக்கமும் உள்ள இழுக்கும். அதைக் கழட்டினா கயிறு தொய்ஞ்சு தொங்குமே! அப்புறம் எவன் அதுல சாய முடியும்?

கார்த்தி: அதை அவன் யோசிக்கல. ஸ்டிங்கை நோக்கி ஓங்கினான். ஸ்டிங் விலகிட்டான். அடி விழுந்தது சொந்த டீம் பாபி ஈட்டன் கையில. ஸ்டிங் அதே கையைப் பிடிச்சு முறுக்க, ஈட்டன் கத்திட்டான். ஆட்டம் ஓவர்.

மாமா: வேலை தெரியாதவன் டூலை எடுத்தா இதான். அந்த ஹேமன் என்ன சொன்னான்?

கார்த்தி: ஸபிஸ்கோவைத் திட்டித் தீர்த்தாங்க. அதே பால் ஹேமன்தான் மாமா, முப்பத்திரண்டு வருஷம் கழிச்சு இந்த வான்கூவர் மேட்ச்சுல ரோமன் டீமுக்கு அஞ்சாவது ஆளா சிஎம் பங்க்னு ஒரு வீரரைக் கூட்டிட்டு வந்தாரு.

மாமா: அஞ்சாவது ஆள் கிடைக்கலன்னா தானே நிக்க வேண்டியிருக்கும்னு பயந்திருப்பான். மேனேஜர் கதி அவனுக்குத் தெரியும்ல. அட, இவன் எதுக்குடா கூண்டு உச்சியில ஏறி நிக்கிறான்? உடம்பு இவ்ளோ இருக்கு!

கார்த்தி: பிரான்சன் ரீட். கீழ மேசை மேல ரோமன். 2017ல வார்கேம்ஸைத் திரும்பக் கொண்டுவந்தப்போ கூரையை எடுத்துட்டாங்க, அதுலேர்ந்து இந்தக் குதிக்கிற வேலை. 2020ல இயோ ஷிராய்னு ஒரு பொண்ணு, குப்பைத்தொட்டியைத் தலைகீழா உடம்புல மாட்டிக்கிட்டு உச்சியில இருந்து எல்லார் மேலயும் குதிச்சுது.

மாமா: குப்பைத்தொட்டிக்குள்ள இருந்தா எங்க விழுறோம்னு எப்படித் தெரியும்?

கார்த்தி: தெரியாது. கீழ நிக்கிறவங்கதான் கூடி நின்னு பிடிக்கணும்.

மாமா: அப்ப தைரியம் கீழ நிக்கிறவனுக்குத்தான். அய்யய்யோ, குதிச்சிட்டான்! மேசை தூள்! ரோமன் எங்க?

கார்த்தி: இழுத்துட்டாங்க. ரீட் வெறும் மேசை மேல விழுந்தான். நெசமாவே கணுக்கால் எலும்பு உடைஞ்சிருச்சு.

மாமா: வெயிட்டு அப்படி. கீழ ஒரு ஆள் இருந்தா மெத்தையா வாங்கிக்குவான். வெறும் பலகைன்னா கால்தான் வாங்கணும். சரி, இந்த ரோமனுக்கும் அந்தத் தடியனுக்கும் என்ன பகை?

கார்த்தி: எந்தத் தடியன்? சோலோ சிக்கோவாவா? சொந்தக்காரங்க மாமா. ரோமன் பக்கம் நிக்கிற ஜேயும் ஜிம்மியும் இரட்டைப் பிள்ளைங்க. சோலோ அவங்க கூடப்பிறந்த தம்பி. மூணு பேரும் ரிக்கிஷி பசங்க.

மாமா: யாரு? ஆளை மூலையில உக்கார வச்சு மூஞ்சியில பின்பக்கத்தைத் தேய்ப்பானே, அந்த ரிக்கிஷியா?

கார்த்தி: அதே ரிக்கிஷி. சோலோ டீம்ல இருக்கிற ஜேக்கப் ஃபாட்டு, ரிக்கிஷியோட கூடப்பிறந்தவர் மகன். ரோமனும் அதே சமோவா வம்சம்தான்.

மாமா: அடேய், இது மல்யுத்தம் இல்லடா, பங்காளிச் சண்டை! கோர்ட்டுக்குப் போனா இருபது வருஷம் இழுக்கும்னு கூண்டுக்குள்ள வச்சு முடிக்கிறானுக. யாரு ஜெயிச்சா?

கார்த்தி: ரோமன். சோலோவை ஈட்டி மாதிரி பாஞ்சு இடிச்சு, மூணு எண்ண வச்சாரு. இப்ப அமுக்கினா கணக்கு உண்டு.

மாமா: நவம்பர் முப்பதுன்னியே, அங்க என்ன விசேஷம்?

கார்த்தி: ரெண்டு நாள் முன்னாடி வியாழக்கிழமை தேங்க்ஸ்கிவிங். அமெரிக்காவுல குடும்பமா உக்காந்து வான்கோழி சாப்பிடுற நாள். சர்வைவர் சீரிஸே 1987ல அந்த ராத்திரி நடத்த ஆரம்பிச்சதுதான்.

மாமா: அப்ப வியாழக்கிழமை ரிக்கிஷி வீட்ல மூணு பசங்களும் ஒண்ணா உக்காந்திருப்பானுக. ஒரு வான்கோழிக்கு ரெண்டு காலுதான்டா மாப்ள. அங்க ஆரம்பிச்சிருக்கும்.