கோனஸ்டோகா ஹவாயை நெருங்கவே இல்லை
அமெரிக்கக் கடற்படைக் கப்பல் கோனஸ்டோகாவைப் பற்றிய கட்டுரையில் "1921-ல் ஹவாய் அருகே மாயமான கோனஸ்டோகா" என்று இருப்பது பழைய கதை. மார்ச் 25 அன்று சான் பிரான்சிஸ்கோ வளைகுடாவை விட்டு ஹவாய் நோக்கிக் கிளம்பிய அந்த நீராவி இழுவைக் கப்பல், 56 பேரோடு பக்கத்திலேயே ஃபாரல்லோன் தீவருகே மூழ்கிவிட்டது. கடற்படையோ ஹவாயைச் சுற்றித் தேடிக்கொண்டிருந்தது! 189 அடி ஆழத்தில் கிடந்ததை 2009-ல் நடந்த சோனார் (ஒலி அலைகளால் கடலடியைப் பார்க்கும்) ஆய்வு காட்டியது. அது கோனஸ்டோகாதான் என்று அறிவித்தது 2016-ல். துறைமுகப் படகைப் பெருங்கடலுக்கு அனுப்பலாமா என்று அந்தக் கட்டுரைக்கு ஒரு வாசகர் கேட்டிருக்கிறார். 170 அடி நீளம் சார், துறைமுகத்துக்குள் சுற்றும் சின்னப் படகு இல்லை. 1904-ல் ரயில்வே கம்பெனியின் நிலக்கரிப் பார்ஜ்களை (தட்டையான சரக்குப் படகுகளை) இழுக்கக் கட்டியது. 1917-ல், முதல் உலகப்போரின்போது, கடற்படை வாங்கியபின் அட்லாண்டிக் தீவுகளான பெர்முடா, அசோர்ஸ் வரை கான்வாய்களுக்கு (கூட்டமாகச் செல்லும் கப்பல்களுக்கு) துணையாகப் போனது. போர் முடிந்தும் 1919 வரை அசோர்ஸில் பழுதான கப்பல்களை இழுத்துக்கொண்டிருந்தது. இந்தப் பகுதியைத்தான் கட்டுரை ஒரே வரியில் தாண்டிவிட்டது.