ஓராண்டு கூரையின்றி வாழ்ந்தவரைப் பார்த்துச் சிரித்தவர்களுக்கு

ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் நடந்தது உங்களில் பலருக்கும் தெரியும். தைவானில் பிறந்த நிகழ்த்துகலைஞர் தெச்சிங் ஷியே நியூயார்க் தெருவில் படுத்திருக்கும் புகைப்படம் திரையில் வந்ததும், "இதை நம் பேருந்து நிலையத்தில் தினமும் பார்க்கிறோமே, இதுவும் கலையா?" என்று ஒருவர் கேட்டார். அரங்கம் சிரித்தது. அதில் என் நண்பர்களின் குரலும் கேட்டதுதான் இன்னும் வலிக்கிறது.

1981 செப்டம்பர் 26 முதல் ஓராண்டுக் காலம் எந்தக் கட்டடத்துக்குள்ளும், சுரங்க ரயிலுக்குள்ளும், காருக்குள்ளும், கூடாரத்துக்குள்ளும்கூட நுழைவதில்லை என்று எழுதிக் கையெழுத்திட்டுவிட்டுத் தெருவுக்கு வந்தவர் ஷியே. எங்கே உண்டார், எங்கே உறங்கினார், எவ்வழி நடந்தார் என்பதை வரைபடங்களில் குறித்துவந்தார். மேடையோ நுழைவுச்சீட்டோ இல்லை. பனிக்கால இரவுகளில் பார்வையாளர் என்று எவரும் இல்லை. யாரும் பார்க்காத இடத்திலும் தான் விதித்த விதியைத் தானே தாங்கி நிற்பதுதான் இந்தக் கலை. விதி முறிந்தது ஒரே முறைதான். கைது செய்த போலீஸ் அவரைக் காவல் நிலையத்துக்குள் இழுத்துச் சென்று 15 மணி நேரம் வைத்திருந்தபோது.

வீடற்றவரின் துயரத்தை வேடமாக அணிந்துகொண்டார் என்பீர்கள். அவருக்கு முடிவுத் தேதி இருந்தது, வீடற்றவருக்கு அது இல்லை என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் 1974-ல் அமெரிக்காவில் கப்பலிலிருந்து தப்பி இறங்கி, பாத்திரம் கழுவிப் பிழைத்து, 1988-ல் பொதுமன்னிப்புக் கிடைக்கும்வரை ஆவணமின்றி வாழ்ந்த மனிதர் அவர். அந்தக் கைதோடு அவரை நாடு கடத்தியிருக்கவும் கூடும். இதை வசதியானவரின் விளையாட்டு என்று எப்படிச் சொல்ல முடிகிறது? தினமும் பார்க்கிறோம் என்கிறீர்கள். உண்மையில் பார்த்திருந்தால் சிரிக்கத் தோன்றியிருக்காது.

என் அப்பா ஒரு துணிக்கடை வாசலில் காவலாளியாக இருந்தவர். வாடிக்கையாளர் கண்ணில் படும்படி உட்காரக் கூடாது என்பது அங்கே விதி. இரவு வீட்டுக்கு வந்ததும் அம்மா உப்புப் போட்ட வெந்நீரில் அவர் கால்களை வைக்கச் சொல்வார். கடை ஊழியர்களுக்கு இருக்கை தர வேண்டும் என்று தமிழ்நாட்டில் சட்டம் திருத்தப்பட்டதே 2021-ல்தான். அதற்குள் அப்பா வேலையை விட்டிருந்தார். அவர் நின்றது பிழைப்புக்காக, கலைக்காக அல்ல. ஆனாலும், அரசை எதிர்த்த போராட்டக்காரர்கள் விரட்டப்பட்ட இஸ்தான்புல் தக்சிம் சதுக்கத்தில் 2013 ஜூன் 17 அன்று துருக்கிய நிகழ்த்துகலைஞர் எர்டெம் குண்டூஸ் கோஷமும் பதாகையும் இன்றிச் சுமார் எட்டு மணி நேரம் அசையாமல் நின்றார் என்று படித்தபோது, அப்படி நிற்பது எவ்வளவு கடினம் என்பது அந்தக் கால்களை நினைத்ததால்தான் எனக்கு விளங்கியது.

மாயவித்தைக்காரர் டேவிட் பிளெய்ன் 2003-ல் லண்டனில் 44 நாள் பெட்டிக்குள் பட்டினி கிடந்ததும் இதுவும் ஒன்றா என்று கேட்பவர்களோடு வாதாட எனக்கு விருப்பமில்லை. அது கூட்டத்தைக் கூட்டுவதற்காகச் செய்த சாகசம். ஷியேயின் ஓராண்டில் பெரும்பகுதியை யாருமே பார்க்கவில்லை. இதை எத்தனை முறை வேண்டுமானாலும் சொல்வேன்: யாரும் பார்க்கவில்லை, ஆனாலும் அவர் கூரைக்குள் போகவில்லை.

பொது இடத்தை இப்படி ஆக்கிரமிக்கலாமா என்றும் கேட்கிறீர்கள். குண்டூஸைப் பார்த்து வந்து சும்மா நின்றவர்களில் சிலரையும் போலீஸ் பிடித்துச் சென்றது. யாரையும் தொடாமல், வாய் திறக்காமல் நிற்கும் ஒருவரைக் கண்டு அதிகாரம் ஏன் அஞ்சுகிறது என்பதற்கு முதலில் பதில் சொல்லுங்கள். அது கலையா இல்லையா என்பதைப் பிறகு பேசலாம்.