கன்னௌஜ் அத்தரில் பாதி வேலை கிராமத்தில்
உத்தரப் பிரதேசத்தின் கன்னௌஜில் அத்தர் (வடித்தெடுக்கும் வாசனை எண்ணெய்) வேலை எல்லாமே ஊருக்குள் நடக்கிறது என்கிறது இந்தக் கட்டுரை. பாதிதான் சரி. கான்பூரில் வேலை பார்த்தபோது ஒரு மார்ச் மாதம் அங்கே போயிருந்தேன். சுற்றுக் கிராமங்களில் விடியும் முன்பே ரோஜா பறித்து, வெயில் ஏறுவதற்குள் சாக்கில் கட்டி பைக்கில் கொண்டுவந்துவிடுகிறார்கள். தாமதமானால் மணம் போய்விடும். அப்புறம்தான் பூவைத் தண்ணீரோடு கொதிக்கவைக்கும் செப்பு அண்டா, ஆவியைக் கொண்டுபோகும் மூங்கில் குழாய் எல்லாம். அண்டா மூடியின் விளிம்பைப் பஞ்சும் களிமண்ணும் பிசைந்து அடைப்பதைப் பக்கத்தில் நின்று பார்த்தேன். வெப்பமானி ஒன்றும் கிடையாது, கைப்பக்குவம்தான். மேலே பின்னூட்டத்தில் ஒருவர் மண்வாசனை அத்தரே கப்ஸா என்கிறார். இல்லை, சுட்ட களிமண் துண்டுகளை அண்டாவில் போட்டுத்தான் வடிக்கிறார்கள். அந்த ஆவியைச் சந்தன எண்ணெயில் இறக்கினால்தான் அசல். சந்தனம் விலை ஏறியதால் இப்போது பல இடங்களில் பெட்ரோலியத்திலிருந்து எடுக்கும் பாரஃபின் எண்ணெய்தான், அதைக் கட்டுரை சொல்லியிருக்கலாம்.