‘பொய்’னு மட்டும் சொல்லுங்க

வக்கீலாகி இருபது வருடம் ஆகப்போகிறது. கிரிமினல் கேஸில் மாட்டிக்கொண்டு புதிதாக வருகிறவர்களில் பாதிப் பேர் என்னிடம் கேட்பது ஒன்றுதான். "கோர்ட்ல நான் எப்பம்மா பேசணும்?"

அவர்களைக் குறை சொல்ல முடியாது. 1952இல் பராசக்தி வந்ததிலிருந்து நமக்குத் தெரிந்த நீதிமன்றம் அதுதானே. கூண்டில் நிற்கிறவன் பேசுவான், ஊரே கேட்கும். 1984இல் ‘விதி’ படம் வந்தபோது அதன் கோர்ட் வசனங்கள் கேசட்டாகவே விற்றன, ஒலிபெருக்கிகளில் முழங்கின. படத்தைப் பார்ப்பதற்கு ரொம்ப முன்னாலேயே, அதில் வக்கீலாக நடித்த சுஜாதாவின் குரலைக் கேட்டுத்தான் எனக்கு இந்தத் தொழில்மீது ஆசை வந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். அதனால் இது சினிமாவைத் திட்டும் பதிவு இல்லை. முழுக்க இல்லை.

நிஜத்தில் குற்றம் சாட்டப்பட்டவர் பேசும் நேரம் இப்படி இருக்கும். அரசுத் தரப்புச் சாட்சிகள் எல்லோரும் முடிந்தபிறகு நீதிபதி ஒரு கேள்விப் பட்டியலை எடுப்பார். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 313ஆவது பிரிவு. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த புதிய சட்டத்தில் 351. நாங்கள் இன்னமும் 313 என்றுதான் சொல்கிறோம், வாய் பழகிவிட்டது. "உங்களைச் சம்பவ இடத்தில் பார்த்ததாக முதல் சாட்சி சொல்கிறார், என்ன சொல்கிறீர்கள்?" "பொய்." "உங்களிடமிருந்து கத்தியைக் கைப்பற்றியதாக ஐந்தாவது சாட்சி சொல்கிறார்?" "பொய்." கடைசியில், வேறு ஏதாவது சொல்ல விரும்புகிறீர்களா என்று ஒரு கேள்வி வரும். அங்கே ஒருவர் மனம்விட்டுப் பேசலாம், சட்டம் தடுக்கவில்லை. ஆனால் பேசினால் எதையாவது உளறிக்கொட்டிவிடுவாரோ என்ற பயத்தில் நாங்களே முந்தின நாள் சொல்லி அனுப்பியிருப்போம்: "எது கேட்டாலும் பொய்னு மட்டும் சொல்லுங்க."

குறுக்கு விசாரணையும் அப்படித்தான். சினிமா வக்கீல் கூண்டை நெருங்கி, விரலை நீட்டி, மூன்றாவது கேள்வியில் வில்லனைக் கதறவைத்துவிடுவார். இங்கே நாம் ஒரு கேள்வி கேட்போம், சாட்சி ஏதோ சொல்வார், அதை நீதிபதி ஒரு வாக்கியமாக மாற்றிச் சொல்ல, தட்டச்சர் அடிப்பார். அவர் அடித்து முடிக்கும்வரை வேகமெல்லாம் பையில் இருக்க வேண்டியதுதான். நாம் சொல்வதைச் சாட்சி மறுத்தால் அது தாளில் இப்படி ஏறும்: "நான் சம்பவ இடத்திலேயே இல்லை என்றும், போலீசாருக்காகப் பொய் சாட்சி சொல்கிறேன் என்றும் சொன்னால் சரியல்ல." தமிழ்நாட்டில் எந்த கேஸ் கட்டைப் பிரித்தாலும் இந்த வாக்கியம் கிடைக்கும். எத்தனையோ பேருடைய ஆயுள் அந்தச் ‘சரியல்ல’வில் தொங்கிக்கொண்டிருக்கிறது. வசனம் எழுதுகிறவர்கள் ஒருநாள் வந்து உட்கார்ந்து கேட்டுப் பார்க்கலாம்.

இன்னொன்று. திரையில் குற்றவாளியையே கூண்டில் ஏற்றிக் கிழிகிழியென்று கிழிப்பார்கள். தனக்கு எதிராகத் தானே சாட்சி சொல்லும்படி யாரையும் கட்டாயப்படுத்தக் கூடாது என்கிறது அரசியலமைப்பின் 20(3) பிரிவு. அவரே எழுத்துமூலம் கேட்டுக்கொண்டால் ஒழிய, அவரைச் சாட்சியாக ஏற்றி ஒரு கேள்விகூடக் கேட்க முடியாது.

கீதைமேல் சத்தியம், மரச் சுத்தியல், "ஆர்டர் ஆர்டர்" இதையெல்லாம் விட்டுவிடுகிறேன். நம் நீதிபதிகள் மேஜையில் சுத்தியல் கிடையாது, அவ்வளவுதான்.

டிவி சீரியல் தனி ரகம். ஏமாற்றி வாங்கிய ஒரு கையெழுத்தில் விவாகரத்தே முடிந்துவிடும், அடுத்த காட்சியில் மாப்பிள்ளைக்குப் புதுப் பெண் பார்ப்பார்கள். இந்து திருமணச் சட்டத்தில் இருவரும் மனமொத்துப் பிரிய மனுப் போட்டாலே பொதுவாக ஆறு மாதம் காத்திருக்க வேண்டும், நீதிமன்றம் விலக்கு அளித்தால் ஒழிய. வெற்றுத்தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டேன், வீடு போய்விட்டதா என்று அழுதுகொண்டே வந்த பெண்கள் உண்டு. பத்திரப் பதிவு அலுவலகம் என்று ஒன்று இருப்பது சீரியல்காரர்களுக்கு மட்டும் தெரியாது.

சரி, இதெல்லாம் சில்லறைக் குறைகள். எனக்குக் கோபம் வருவது ஜாமீன் காட்சியில். ஜாமீன் என்றாலே வில்லன் வெள்ளைச் சட்டையில் சிரித்துக்கொண்டே காரில் ஏறுவான், போலீஸ் ஹீரோ பல்லைக் கடிப்பார், "சட்டத்துல அவ்வளவு ஓட்டை" என்று ஒருவர் சொல்வார். இந்தியச் சிறைகளில் இருப்பவர்களில் ஏறக்குறைய நான்கில் மூன்று பேர் விசாரணைக் கைதிகள். அதாவது, குற்றவாளி என்று யாரும் இன்னும் தீர்ப்புச் சொல்லாதவர்கள். ஜாமீன் உத்தரவு கையில் கிடைத்தும், பிணை நிற்க இரண்டு பேர் கிடைக்காமல் உள்ளேயே கிடந்தவர்களுக்காக நான் அலைந்திருக்கிறேன். அந்த ஆளை ஒரு படத்திலாவது காட்டுங்களேன்.

அப்புறம், அடி. போலீஸ் படங்களில் தலைகீழாகத் தொங்கவிட்டு நாலு போடு போட்டால் உண்மை வந்துவிடும். தியேட்டரில் விசில் பறக்கும். போலீசிடம் ஒருவர் சொன்ன ஒப்புதல் வாக்குமூலத்தை அவருக்கு எதிரான சாட்சியமாக வைக்க முடியாது என்பது இங்கே புதிய சலுகை இல்லை. சென்னை மாகாணத்தில் வரி வசூலிப்பவர்களும் போலீசும் மக்களைச் சித்திரவதை செய்வதைப் பற்றி ஒரு விசாரணைக் குழு 1855லேயே அறிக்கை கொடுத்தது. 1861இல் இந்த விதி சட்டத்துக்குள் வந்தது, 1872 சாட்சியச் சட்டத்தில் 25ஆவது பிரிவானது, இன்றைய சட்டத்திலும் தொடர்கிறது. நம்மை அடக்கி ஆண்ட வெள்ளைக்காரனுக்கே தன் போலீஸ்மேல் நம்பிக்கை இல்லை. நம் ஹீரோக்கள்மேல் நமக்கு எவ்வளவு நம்பிக்கை பாருங்கள்.

2020 ஜூனில் சாத்தான்குளத்தில் அப்பாவும் மகனும் போலீஸ் காவலில் அடிபட்டு இறந்தபோது, போலீஸைப் பெருமைப்படுத்தி ஐந்து படம் எடுத்ததற்காக வேதனைப்படுவதாக இயக்குநர் ஹரி வெளிப்படையாக அறிக்கை விட்டார். அந்த நேர்மையை மதிக்கிறேன். ஆனால் அந்தச் சம்பவத்தில் சினிமா இதுவரை சரியாகப் பார்க்காத ஓர் இடம் இருக்கிறது. ஸ்டேஷனிலிருந்து அவர்கள் நேராகச் சிறைக்குப் போகவில்லை. நடுவே ஒரு ரிமாண்ட் உத்தரவு இருந்தது, அதாவது சிறையில் வைக்கச் சொல்லி மாஜிஸ்திரேட் போடும் உத்தரவு. கைது செய்தவரை 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட்முன் நிறுத்த வேண்டும் என்று அரசியலமைப்பு சொல்வதே, போலீஸ் அல்லாத ஒருவர் அந்த ஆளைக் கண்ணால் பார்த்து, "அடித்தார்களா?" என்று கேட்பதற்காகத்தான். சில நிமிடக் காரியம். பல நாள் அது தலையைக்கூட நிமிர்த்தாமல் போடும் கையெழுத்தாக முடிந்துபோகிறது. பின்னால் நடந்த விசாரணையில் அன்றிரவு நடந்ததைச் சொன்னது, பணியில் இருந்த ஒரு பெண் தலைமைக் காவலர். அவர் பஞ்ச் டயலாக் எதுவும் பேசவில்லை. வாக்குமூலம் கொடுத்தார்.

‘விசாரணை’ (2015) படம் அந்த இடத்துக்குப் பக்கத்தில் போனது. பாஷை தெரியாத ஆந்திர நீதிமன்றத்தில் நிற்கும் தொழிலாளிகளின் கதி, அங்கே வேறு வேலையாக வந்த ஒரு தமிழ்நாட்டுப் போலீஸ்காரர் மொழிபெயர்த்துச் சொல்வதால் மாறுகிறது. எனக்கு அந்தப் படத்தில் அடிதடியைவிடப் பயம் கொடுத்தது அந்தக் காட்சிதான். அந்த ஆள் அன்று வராமல் இருந்திருந்தால்? 2021இல் ஜெய் பீம் வந்தபிறகு ‘ஆட்கொணர்வு மனு’ (சட்டவிரோதமாகப் பிடித்துவைத்த ஆளை நீதிமன்றத்தில் கொண்டுவந்து நிறுத்தக் கேட்கும் மனு) என்ற சொல்லை என் கட்சிக்காரர்களே சொல்ல ஆரம்பித்தார்கள். ஒரு படம் அவ்வளவு செய்தாலே பெரிது. என்ன, அதற்குப்பிறகு எல்லோருக்கும் வக்கீல் என்றால் சூர்யா மாதிரி வேண்டியிருக்கிறது. நான் ஸ்கூட்டியில் போகிறவள்.

கடைசியாக ஒருவரைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். அடிதடி வழக்கு, பொய் வழக்கு என்று நான் நம்பினேன். ஐம்பது வயதுக்காரர். 313 விசாரணைக்கு முந்தின வாரம் என்னிடம் நாலு பக்கம் எழுதிக் கொண்டுவந்து காட்டினார். நன்றாகவே எழுதியிருந்தார், எதுகை மோனையெல்லாம் இருந்தது. "அண்ணே, இது வேண்டாம்" என்றேன். அன்றைக்குப் பதினேழு முறை "பொய்" என்று சொல்லிவிட்டு வெளியே வந்து, "இவ்வளவுதானாம்மா?" என்று கேட்டார். முகம் சுருங்கிப்போயிருந்தது.

விடுதலையானார். காரணம் என் வாதத் திறமை இல்லை. மகஜர் என்பது சம்பவ இடத்தில் பார்த்ததையும் கைப்பற்றியதையும் சாட்சி வைத்துப் போலீஸ் எழுதும் பதிவு. அந்த மகஜர் சாட்சியிடம் நான் கேட்ட ஒரே கேள்வி, கையெழுத்து எங்கே வைத்துப் போட்டீர்கள் என்பது. "ஸ்டேஷன்லதாங்க" என்றார் அவர். சம்பவ இடத்தில் தயாரித்ததாகச் சொன்ன மகஜர் அதோடு போயிற்று. நான் உட்கார்ந்துவிட்டேன். தட்டச்சர்கூட நிமிர்ந்து பார்க்கவில்லை.

போன மாதம் ஒரு கல்யாணத்தில் அவரைப் பார்த்தேன். சுற்றிலும் ஏழெட்டுப் பேர். கோர்ட்டில் தான் அரை மணி நேரம் பேசியதையும், ஜட்ஜ் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டுக் கேட்டதையும் சொல்லிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும், "வேணும்னா எங்க வக்கீலம்மாவையே கேளுங்க" என்றார்.

ஆமாம் என்று தலையாட்டினேன்.