கற்பனை உலகத்துக்குக் காலண்டர் போடுகிறவர்களுக்கு

ஃபேண்டஸி எழுதுகிற கடலூர், பாண்டிச்சேரி பக்கத்துத் தம்பி தங்கைகள் பலரும் எடுத்த எடுப்பில் மாதங்களுக்குப் பெயர் வைக்கிறார்கள். பன்னிரண்டு மாதம், ஆளுக்கு முப்பது நாள், "பேரரசு முழுக்க ஒரே நாட்காட்டி" என்று ஒரு வரி. இதில் எனக்கு உடன்பாடே கிடையாது. வானத்தின் கணக்கு அரசாங்கம் கேட்கிற கணக்கோடு ஒருநாளும் ஒத்துப்போகாது. எங்கே இடிக்கிறது, மிச்சத்தை யார் தலையில் கட்டினார்கள் என்பதில்தான் அந்த உலகமே இருக்கிறது.

முதலில் இரண்டு எண் வேண்டும்: ஆண்டுக்கு எத்தனை நாள், பௌர்ணமிக்குப் பௌர்ணமி எத்தனை நாள். இரண்டையும் முழு எண்ணாக வைக்காதீர்கள். நம் பூமிக்கு 365.2422, 29.53. பன்னிரண்டு சந்திர மாதம் சேர்ந்தால் 354 நாள்தான், வருஷத்துக்குப் பதினொரு நாள் துண்டு விழுகிறது.

உங்கள் உலகத்தில் ஆண்டு 371.4 நாள், நிலவுச் சுற்று 26.5 நாள் என்று வைத்துக்கொள்வோம். மாதங்களை 26, 27 என்று மாற்றி மாற்றிப் போட்டால் 14 மாதத்தில் 371 நாள். நிலவோடு அழகாக ஒட்டுகிறது. அதை ஏழால் வகுத்தால் சரியாக 53 வாரம், எந்தத் தேதிக்கும் என்றைக்கும் ஒரே கிழமை. தவணைக்கும் சந்தைக்கும் இதைவிட வசதி வேறில்லை. ஆனால் அந்த 0.4 நாளை விட்டுவிட்டால் 250 ஆண்டில் 100 நாள் பிசகி, விதைப்பு விழா கொளுத்தும் கோடையில் வந்து நிற்கும். ஐந்தாண்டுக்கு இரண்டு நாள் கூட்டினால் விவசாயி தப்பிப்பான், பௌர்ணமி தேதியைவிட்டு நழுவும். கூட்டுகிற நாளுக்குக் கிழமை கொடுத்தால் வணிகனின் ஒழுங்கு போச்சு. கொடுக்காவிட்டால் வார விரதக்காரர்கள் கிளம்புவார்கள். 1953இல் இந்தியா ஐ.நா.வுக்குக் கொண்டுபோன உலகக் காலண்டர் திட்டம், இந்தக் கிழமையில்லாத நாளை மத அமைப்புகள் ஏற்காததால்தான் முடங்கியது. உங்கள் அரசன் யார் பக்கம் சாய்ந்தான் என்று முடிவு செய்யுங்கள். பாதிக் கதை அங்கேயே கிடைத்துவிடும்.

மாதங்கள் சமமாக இருக்க வேண்டிய கட்டாயமும் இல்லை. நம் ஆனி 32 நாள் வரை நீளும், மார்கழி 29இலேயே முடிந்துவிடும். பூமி ஜூலையில் சூரியனைவிட்டு விலகி மெதுவாகப் போகிறது, ஜனவரியில் நெருங்கி வேகமெடுக்கிறது. சிதம்பரத்தின் ஆனித் திருமஞ்சனமும் மார்கழித் திருவாதிரையும் இந்த இரண்டு ஓரத்திலும் உட்கார்ந்திருக்கின்றன. நட்சத்திரம் ஏறக்குறைய 27 நாளுக்கு ஒருமுறை திரும்புவதால், 32 நாள் மாதத்தில் ஒரே நட்சத்திரம் இரண்டு தடவை வரலாம். எதை எடுப்பது? அதற்கு ஒரு விதி வேண்டும், விதி இருந்தால் அதை வைத்துச் சண்டையும் வரும்.

அதனால் திருவிழாவுக்குத் தேதி எழுதாமல் விதி எழுதுங்கள். மாசி மகத்தைப் பாருங்கள்: சூரிய மாதம் மாசி, நட்சத்திரம் மகம், கூடவே பௌர்ணமி. இத்தனையும் கூடுகிற நாளில்தான் பாண்டிச்சேரி வைத்திக்குப்பத்திலும் கடலூர் தேவனாம்பட்டினத்திலும் சாமிகள் தீர்த்தவாரிக்குக் கடற்கரைக்கு வருகின்றன. ஆங்கிலத் தேதி வருஷா வருஷம் மாறும், யாரும் குழம்புவதில்லை.

நாள் எப்போது பிறக்கிறது என்பதும் முக்கியம். பஞ்சாங்கத்துக்குச் சூரிய உதயம், சர்க்கார் காலண்டருக்கு நள்ளிரவு. விடியற்காலை மூன்று மணிக்கு நடந்த கொலைக்கு இரண்டிலும் வேறு வேறு தேதி.

மேலிருந்து திணித்த காலண்டர் பழையதை அழித்துவிடும் என்று எழுதாதீர்கள். பிரெஞ்சுப் புரட்சிக் காலண்டர் பத்து நாள் வாரத்தோடு 1793 அக்டோபரில் வந்தது, 1806 ஜனவரி 1இல் ரத்தானது. பத்து நாளைக்கு ஒரு ஓய்வு என்றால் உழைக்கிறவன் எப்படி ஏற்பான்? (அது வருவதற்கு முன்பே, 1793 ஆகஸ்டிலேயே, பாண்டிச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டது.) 1957 முதல் நம் தேசியக் காலண்டர் சக ஆண்டுதான். அரசிதழில் அச்சாகிறது, வீட்டுச் சுவரில் தொங்குவதோ தமிழ் தேதியும் ஆங்கிலத் தேதியும். பதினெட்டாம் நூற்றாண்டுப் பாண்டிச்சேரி வணிகர் ஆனந்தரங்கப் பிள்ளை தன் நாட்குறிப்பைத் தொடங்கிய 1736 செப்டம்பர் 6, நள வருஷம் ஆவணி 25. இன்றைக்கு ஆவணி 25 செப்டம்பர் 10 வாக்கில் வருகிறது. பஞ்சாங்கக் கணக்கில் நம் சூரிய ஆண்டு சுமார் 365.2588 நாள், ஆங்கில ஆண்டைவிடக் கொஞ்சம் நீளம் என்பதால் ஏறக்குறைய அறுபது வருஷத்துக்கு ஒரு நாள் இப்படித் தள்ளிப்போகிறது. உங்கள் நாவலில் பழைய கல்வெட்டு ஒன்று வந்தால் இந்த நழுவல் அதில் தெரிய வேண்டும்.

இத்தனையையும் கட்டிமேய்க்க ஒரே வழி தொடர் நாள் எண். பஞ்சாங்கக் கணிதத்தில் கலியுகம் தொடங்கியதிலிருந்து எண்ணிவரும் நாள் 18 லட்சத்து 70 ஆயிரத்தைத் தாண்டிவிட்டது. உங்கள் உலகத்துக்கும் ஒரு நாளை ஒன்று என்று வைத்து எக்செல்லில் நாலு பத்தி போடுங்கள்: நாள் எண், அரசுத் தேதி, ஊர்த் தேதி, நிலவின் வயது (அமாவாசை கழிந்து எத்தனை நாள்). நாள் எண்ணை 26.5ஆல் வகுத்தால் வருகிற மீதிதான் நிலவின் வயது. எண்ணிக்கையை அமாவாசையில் தொடங்கியிருந்தால் 13ஐ ஒட்டிப் பௌர்ணமி.

அதிகம் சறுக்குவது இங்கேதான். மூன்றாம் அத்தியாயத்தில் பௌர்ணமியன்று நாயகி தப்பிக்கிறாள், நாற்பது நாள் கப்பலில் போகிறாள், இறங்கும்போது மறுபடியும் முழு நிலா என்று எழுதுகிறார்கள். இந்த உலகத்தில் பௌர்ணமியிலிருந்து நாற்பதாவது நாள் அமாவாசை. பயணத்தை 53 நாளாக்குங்கள், இல்லை அவளைக் கும்மிருட்டில் கரையிறக்குங்கள்.