அந்த அம்மா சொல்லாமல் உங்களுக்கு எப்படித் தெரியும்?

ஞாயிற்றுக்கிழமை திரையிடல் கூட்டத்துக்கு வந்தவர்களுக்கு நான் எதைச் சொல்கிறேன் என்று தெரியும். வராதவர்களுக்கு இதற்குள் ஸ்கிரீன்ஷாட் வந்திருக்கும். ‘தி கிரிமேட்டர்’ படம் முடிந்து, அதில் நாயகனின் மனைவி லக்மேயாக நடித்த செக் நடிகை விளாஸ்தா க்ராமொஸ்தோவாவைப் பற்றி நான் வாயைத் திறந்ததும் ஒரு தம்பி எழுந்தார். “அவங்க ரகசியப் போலீசுக்கு உளவு சொன்னவங்க சார், அவங்க நடிப்பை எதுக்குப் பேசணும்?” அதற்குக் கைதட்டல் வேறு.

சரி, சொன்னார்தான். நான் மறுக்கவே இல்லையே! ஆனால் அது உங்களுக்கு எப்படித் தெரியும்? ஐம்பதுகளில் அன்றைய செக்கோஸ்லோவாக்கிய கம்யூனிஸ்ட் ஆட்சியின் ரகசியப் போலீஸ் வலையில் விழுந்ததைத் தன் நினைவுக்குறிப்பில் அவரே எழுதி வைத்தார். அவரே நம் கையில் கொடுத்த கல்லை எடுத்து அவர் மேலேயே எறிகிறோம்.

அதற்கு அப்புறம் நடந்ததைத் தம்பி படித்தாரா? ப்ராகின் வினோஹ்ரடி அரங்கில் இருபது வருடம் கொடிகட்டிப் பறந்தவர். 1968ல் சோவியத் டாங்குகள் வந்தன. புதிய ஆட்சிக்குத் தலையாட்டியிருந்தால் கடைசிவரை ராணி மாதிரி இருந்திருக்கலாம். ஆட்டவில்லை. மேடை போனது, சினிமா போனது, வானொலியும் போனது. 1976ல் தன் வீட்டு வரவேற்பறையையே அரங்கமாக்கினார். முதலில் அங்கே வாசித்தது அச்சேற முடியாமல் கிடந்த கவிஞர் சைஃபர்ட்டின் நினைவுகளை. அடுத்த வருடம், ஆட்சியிடம் மனித உரிமை கேட்ட ‘சாசனம் 77’ அறிக்கையில் கையெழுத்து. அதற்கடுத்த வருடம் அதே அறையில் ‘மேக்பெத்’. நாடகாசிரியர் பாவெல் கோஹவுட் சுருக்கியது, நடிகர் லாண்டோவ்ஸ்கி மேக்பெத், இவர் லேடி மேக்பெத். ஆங்கில நாடகாசிரியர் டாம் ஸ்டொப்பார்ட் அதை வைத்து ஒரு நாடகமே எழுதினார். போலீசுக்குப் போட்ட ஒரு கையெழுத்துக்காக அவரைத் தூற்றுகிறவர்கள் இந்த இன்னொரு கையெழுத்தை மட்டும் ஏன் எண்ணுவதில்லை?

வீட்டுக்குள் நாடகம் என்றால் என்னவென்று எனக்குக் கொஞ்சம் தெரியும். மண்டபம் கிடைக்காமல் நண்பன் வீட்டு மாடியில் நாங்கள் போட்டிருக்கிறோம். பாயில் உட்கார்ந்திருப்பவன் முழங்காலில் நடிகையின் புடவை உரசும். அவர் மூச்சு வாங்குவது கேட்கும். எங்கள் குழுவில் ஒரு அக்கா இருந்தார், அப்படி ஒரு குரல். யாரோ அவர் அலுவலகத்துக்கு மொட்டைக் கடிதம் போட்டார்கள். அத்தோடு நடிப்பதை நிறுத்திவிட்டார். எழுதியது யார் என்று இன்றுவரை தெரியாது. எழுதிய கை ஒருவேளை ஞாயிற்றுக்கிழமையும் தட்டியிருக்கும், யார் கண்டது? காட்டிக் கொடுப்பதன் வலி எனக்குத் தெரியாது என்று மட்டும் யாரும் சொல்ல வராதீர்கள்.

“அப்போ பாதிக்கப்பட்டவர்கள்?” என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. அவர்கள் மன்னிக்க வேண்டியதில்லை. ஆனால் நீங்களும் நானும் அவர்கள் இல்லையே. “வெள்ளையடிக்கிறீர்கள்” என்பவர்களுக்குப் பதில் கிடையாது. “உங்களுக்கு என்ன கொடுத்தார்கள்?” என்று உள்பெட்டியில் கேட்ட நண்பருக்கு: டீ கொடுத்தார்கள், அதுவும் ஆறிப்போய்.

1989ல் ப்ராக் வீதிகளில் மாணவர்கள் அடிபட்ட நவம்பர் 17 அவருடைய அறுபத்து மூன்றாவது பிறந்தநாள். அந்த ஆட்சி விழுந்த அப்புறம்தான் அவருக்குத் தேசிய அரங்கின் கதவு திறந்தது. 2019ல் இறந்தபோது வயது தொண்ணூற்றிரண்டு. தொண்ணூற்றிரண்டு வருடத்தை ஒரே வாக்கியத்தில் முடிக்கிற தைரியம், நம்மிடம் யாரும் எந்தக் காகிதத்தையும் நீட்டாததால் வருகிறது. நீட்டினால் எத்தனை பேர் பேனா கேட்போம் என்பது எனக்குத் தெரியும், குழு அட்மின்களையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

அந்தப் படத்தில் கணவன் வாய் ஓயாமல் பேசுவான். லக்மே அதிகம் பேசமாட்டாள். குளியலறையில் அவனே அவள் கழுத்தில் சுருக்கு மாட்டும்போது அந்த முகத்தைப் பாருங்கள். அதை ஒளிப்பதிவு செய்தது விளாஸ்தாவின் வாழ்க்கைத் துணை மிலோட்டா. தம்பி பார்த்திருக்க வாய்ப்பில்லை. அந்தக் காட்சிக்கு முன்பே போனை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டார், நான் கடைசி வரிசையில்தான் இருந்தேன்.